பரிசத்துக்கு வந்த வாரண்டு

போன ஞாயிற்றுக்கிழமை கெடா மாநிலத்துத் திகாம் பத்துவில் ஒரு பரிசம். என் நண்பர் முனியாண்டியின் மகளுக்கு.

முனியாண்டி கையுறைத் தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். யாரிடமும் ஐந்து வெள்ளி கைமாற்று கேட்காத மனிதர். பட்டு வேட்டியில் வாசலில் நின்று மாப்பிள்ளை வீட்டாரை வரவேற்றுக்கொண்டிருந்தார். அவர்களின் கார்களுக்குப் பின்னாலேயே இன்னொரு கார் வந்து நின்றது. இறங்கியவர்கள் ஒரு போலீஸ்காரரும் ஒரு கோர்ட் அதிகாரியும்.

ஞாயிற்றுக்கிழமையில் கோர்ட்டா? பினாங்கிலிருந்து வந்த உறவினர்கள் விழித்தார்கள். கெடாவில் வெள்ளியும் சனியும்தான் விடுமுறை. ஞாயிறு வேலை நாள்... கைது செய்வதற்கும்!

விஷயம் இதுதான். முனியாண்டியின் தம்பி சேகரன் லாரி வாங்கக் கடன் எடுத்தார். அண்ணன் ஜாமீன் கையெழுத்துப் போட்டார். நம் வீடுகளில் தம்பி பேனாவை நீட்டினால் அண்ணன் படித்துப் பார்ப்பதில்லை. படித்தால் சந்தேகப்படுவதாக அர்த்தமாம்! சேகரன் தவணை கட்டவில்லை. கடன் கொடுத்த நிறுவனம் வழக்குப் போட்டது. அண்ணன் கட்ட வேண்டும் என்று தீர்ப்பும் வந்தது. ஏன் கட்டவில்லை என்று நேரில் வந்து விளக்கச் சொல்லி நோட்டீஸும் போனது.

எங்கே போனது தெரியுமா? அடையாள அட்டையில் இருந்த தோட்டத்து லயத்து முகவரிக்கு. அந்தத் தோட்டத்தை அழித்து, புது வீடுகள் கட்டித் தாமானாக்கி வருஷக்கணக்காகிறது. இடம் மாறினாலும் நம்மவர்கள் அட்டையில் முகவரியை மாற்றுவதில்லை. "பொறந்த எடம்லா, இருந்துட்டுப் போவட்டும்" என்பார்கள். இல்லாத கதவில் எப்படி ஒட்டினார்களோ, நோட்டீஸ் ஒட்டியாயிற்று என்று கணக்கு. வராததால் வாரண்டு.

நான் கேட்கிறேன் — நோட்டீஸுக்குத் தெரியாத வீடு வாரண்டுக்கு மட்டும் எப்படித் தெரிந்தது?

சேகரனை ஏன் பிடிக்கவில்லை? முகவரி தெரியாத ஆளாம்! அந்த ஆள் அன்று உள்ளே உட்கார்ந்து இட்லி பசியாறிக்கொண்டிருந்தார். போலீஸைக் கண்டதும் கை கழுவப் போகிற மாதிரி எழுந்து, பின்வாசல் வழியாகப் போயே போய்விட்டார். கத்தப் போனேன். முனியாண்டி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"விடுங்கண்ணே. புள்ள விசேஷத்துல தம்பியக் காட்டிக் குடுத்தேன்னு பேரு வேணாம்."

போலீஸ்காரர் நல்ல பையன். தலையைச் சொறிந்தபடி, "மாஃப் லா, அங்கிள். செகாராங் பெர்கி, பெத்தாங் போலே பாலிக்" என்றார். மன்னிக்க வேண்டுமாம், இப்போதே கிளம்பினால் சாயங்காலம் திரும்பிவிடலாமாம். மாப்பிள்ளை வீட்டார் பார்த்துக்கொண்டிருக்க, முனியாண்டி காரில் ஏறினார். மகள் அழுதுகொண்டே வாசல்வரை ஓடி வந்தாள்.

கோர்ட் சொன்னபடி கட்டாவிட்டால் சிறைகூட உண்டாம். சரி, உள்ளே போய்வந்தால் கடன் தீருமா? தீராது! உள்ளே இருப்பவரின் சாப்பாட்டுச் செலவையும் கடன் கொடுத்தவர்தான் கட்ட வேண்டுமாம். சம்பாதிக்கிற கையைப் பூட்டிவைத்து, அதற்குச் சோறும் போட்டால் கடன் எங்கிருந்து வசூலாகும்? பணத்தை ஒளித்துவைத்து ஏய்க்கிறவனை உள்ளே தள்ளுங்கள், நான் ஏன் என்று கேட்கமாட்டேன். இவரை எதற்கு?

நானும் பின்னாலேயே கோர்ட்டுக்குப் போனேன். மாதத் தவணை கட்ட ஒப்புக்கொண்டதும் முனியாண்டியை விட்டார்கள். வெளியே வந்தவர் தலை நிமிரவில்லை.

"சம்பந்தம் போச்சுண்ணே" என்றார். அவருக்குக் கடனைவிட அதுதான் பயம்.

கார் நிறுத்துமிடத்தில் மாப்பிள்ளையின் அப்பா நின்றிருந்தார். கார் பானெட்டில் பரிசத் தட்டுகள். பக்கத்தில் பெண்ணும் மாப்பிள்ளையும். நல்ல நேரம் தவறிவிடக்கூடாது என்று எல்லாரையும் அள்ளிப்போட்டுக்கொண்டு வந்துவிட்டாராம்.

முனியாண்டி கை கூப்பினார். "மன்னிச்சிருங்க..."

"எதுக்குங்க மன்னிப்பு? கடன் வாங்குனவன் பின்வாசல்ல ஓடுனான். நீங்க முன்வாசல்ல நின்னீங்க. நிக்கிற மனுசன் வீட்டுலதான் பொண்ணு எடுக்கணும். தட்டப் புடிங்க சம்பந்தி!"

இவ்வளவு சிம்பிளான விஷயம், சட்டத்துக்கு மட்டும் ஏன் புரிய மாட்டேன் என்கிறது?