அண்ணன் குறித்த முகூர்த்தம்

எங்கள் வீட்டில் எதை எழுதுவதானாலும் அண்ணன்தான் எழுதுவார். அவருடைய முதலாண்டு நினைவு மலருக்குத் தங்கை நான் எழுத வேண்டியதாயிற்று. குறையிருந்தால் உறவினர்கள் பொறுத்தருள வேண்டும்.

அண்ணன் பிறந்தது இராசிபுரத்துக்குத் தெற்கே ஒரு தோட்டத்து வீட்டில். அப்பா அவரைக் கல்லூரிக்கு அனுப்பினார். அவரோ சேலத்தில் ஒரு ஸ்டூடியோவில் விளக்குத் தூக்கப் போய்விட்டார். "ரெண்டு எருமை மேய்ச்சிருந்தாலும் பாலாச்சும் கெடைச்சிருக்கும்" என்று சொன்ன அப்பா, அதன்பின் வெகுநாள் அவரோடு பேசவில்லை. அண்ணன் சென்னைக்குப் போய் உதவி இயக்குநராகி, எழுபதுகளின் நடுவில் முதல் படத்தைத் தொடங்கினார். பிறகு சிரிப்புப் படம், பக்திப் படம், பேய்ப் படம். எண்பதுகளில் தொலைக்காட்சி நாடகங்கள், குழந்தைகள் தொடர். ஒரே மனிதருக்குள் இத்தனை பேர் எப்படிக் குடியிருந்தார்கள் என்பது எனக்கு இன்றும் வியப்புதான்.

ஆனால் நான் மலைத்து நின்றது அந்த முதல் படத்தின் கல்யாணக் காட்சியன்றுதான். பனமரத்துப்பட்டி ஏரிக்கரையில் பந்தல். கூட்டம் வேண்டுமே என்று நம் உறவுக்காரர்கள் அத்தனை பேரையும் "ஷூட்டிங் பாக்க வாங்க" என்று வரவழைத்தார். கல்யாணச் சடங்குகளான சீர்கள் அசலாக இருக்க வேண்டுமென்று, நம் பக்கத்துக் கல்யாணங்களை நடத்திவைக்கும் அருமைக்காரரான பெரியப்பாவை மட்டும் வெற்றிலை பாக்கு வைத்து அழைத்துவிட்டார். அதுதான் பிசகு. நடிகர்கள் மணவறையில் உட்கார்ந்ததும், அந்த நடிகைக்கு ஏற்கெனவே கல்யாணமாகிவிட்டது என்று யாரோ சொல்ல, பெரியப்பா கையை எடுத்துக்கொண்டார்.

"இது வெறும் நடிப்புத்தானுங்க பெரியப்பா" என்றார் அண்ணன்.

"நீ வெத்தல வெச்சுல்ல கூப்புட்ட சாமி? இங்க ஒரு கண்ணாலம் ஆவாம நான் எந்திரிக்க மாட்டேன்."

நடிகை மாலை ரயிலுக்குச் சென்னை திரும்ப வேண்டியவர். இன்று விட்டால் படமே நின்றுவிடும் என்று தயாரிப்பாளர் தலையில் கை வைத்துக்கொண்டார். ஊருக்கே வசனம் சொல்லிக் கொடுக்கும் அண்ணன் கையிலிருந்த வசனத் தாளைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

அப்போது கூட்டத்திலிருந்து வெண்ணந்தூர் மாமன் மகள் எழுந்தார். அண்ணனுக்கு நிச்சயமாகி, "படம் முடியட்டும்" என்ற ஒரே பதிலைக் கேட்டுக் காத்திருந்தவர்.

"ஏனுங்க மாமா, படத்துக் கண்ணாலத்துக்கு நல்ல நாள் பாத்தீங்க. எனக்கு எப்பங்க பாப்பீங்க?"

அண்ணன், பெண்ணின் அப்பாவான மாமனைப் பார்த்தார். மாமன் தலையசைத்தார். ஒளிப்பதிவாளரிடம், "முகம் வேண்டாம், கையை மட்டும் எடுங்கள்" என்று சொல்லிவிட்டு அண்ணன் மணவறையில் போய் அமர்ந்தார். கேமரா ஓட, பெரியப்பா எடுத்துக் கொடுத்த மஞ்சள் கயிற்றைக் கட்டினார். நடிகையும் அட்சதை போட்டார். அம்மாவும் நானும் அழுதுவிட்டோம். அந்தப் படத்தில் தாலி கட்டும் கைகள் அண்ணனுடையவை. குனிந்த கழுத்து அண்ணியுடையது.

சென்ற ஆண்டு ஒரு தொடர் பாதியில் இருக்கும்போது நெஞ்சுவலி வந்தது. படுக்கையிலிருந்தபடியே காட்சிகளைச் சொன்னார், அண்ணி எழுதினார். அதை முடித்துக் கொடுத்த உதவி இயக்குநர்களுக்கும், இரவு பகல் பாராமல் கவனித்த மருத்துவர்களுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

உறவினர்களுக்கு அண்ணி சொல்லச் சொன்னது ஒன்று உண்டு. நல்லதுக்கு அழைத்தால் போக வேண்டும், கெட்டதுக்கு அழைக்காமலே போக வேண்டும் என்பது நம் வழக்கம். கல்யாணமென்று சொல்லி உங்களை அழைக்கவில்லையே என்ற குறை அவருக்கு இன்னும் இருக்கிறது. அண்ணனுக்கு நீங்கள் இரண்டுக்குமே அழைக்காமல் வந்தீர்கள்.