அம்மா பெயரில் ஒரு தீர்ப்பு

எதிர்த்தரப்பு வக்கீல் தடித்த தீர்ப்புத் தொகுப்பைத் திறந்து அம்மாவின் பெயரை வாசித்த நொடி இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. வெம்பக்கோட்டைப் பக்கம் பட்டாசு ஆலை விபத்தில் கணவனை இழந்த எங்கள் தெரு அக்காவுக்காக நான் நடத்திய நஷ்டஈட்டு வழக்கு அது. அக்காவுக்குத் துணையாக அம்மாவும் வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். பல வருடங்களுக்கு முன் அப்பாவும் அப்படித்தான் போனார். அம்மா ஹைகோர்ட் வரைக்கும் நடையாய் நடந்து ஜெயித்தாள். அந்தத் தீர்ப்புதான் புத்தகத்தில் அச்சாகியிருந்தது.

ஆங்கிலத்தில் நடந்த வாதத்தில் அவளுக்குப் புரிந்தது தன் பெயர் மட்டும்தான். வெளியே வந்ததும் முகமெல்லாம் சிரிப்பு. "ஏத்தா, எங் கேஸ வச்சித்தான பேசுனாக? அப்ப இவளுக்கும் செயிச்சிரும்ல?" என்றாள்.

புத்தகத்தில் அந்தத் தீர்ப்புக்கு மேலே பதிப்பகத்துக்காகச் சுருக்கம் எழுதிய புண்ணியவான், கம்பெனியின் வாதத்தையே கோர்ட்டின் முடிவாக எழுதித் தொலைத்திருந்தார். அப்பா பீடி பற்றவைத்ததால்தான் வெடித்தது, ஆகவே குடும்பம் நஷ்டஈடு கேட்க முடியாது என்று. அதைத்தான் எதிர்த்தரப்பு வக்கீல் அக்காவுக்கு எதிராக வாசித்தார். பீடிக் கதைக்கு ஆதாரமே இல்லை என்று நீதிபதி சொன்னது உள்ளே பல பக்கம் தள்ளி இருக்கிறது. அவ்வளவு தூரம் புரட்ட எங்கள் வக்கீல் ஆட்களுக்குப் பொறுமை ஏது? அடுத்த வாய்தாவுக்கும் அம்மா வருவாள் என்பதால் உண்மையைச் சொல்லிவிட்டேன். சிரிப்பு அப்படியே வடிந்துபோனது.

"அவுக பீடியத் தொட்டதே இல்லையே. நாஞ் செயிச்ச கேஸத் தூக்கி இவ தலையிலயா போட்டாக?" என்றவள், தானே தப்புச் செய்துவிட்டவள் மாதிரி அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

முழுத் தீர்ப்பின் கோர்ட் நகலைத் தாக்கல் செய்தேன். நீதிபதி படித்தார், அக்கா ஜெயித்தாள். நான் எழுதிக் கேட்டதில் பதிப்பகத்தாரும் பிந்தைய தொகுப்பின் மூலையில் ஒரு திருத்தம் போட்டார்கள். ஆனால் விருதுநகரிலும் மதுரையிலும் வக்கீல்களின் அலமாரியில் இருப்பது பழைய புத்தகம்தானே. அதற்குப் பிறகு அம்மா கோர்ட் பக்கமே வரவில்லை. சாயங்காலம் நான் வீடு திரும்பியதும் கேட்பாள்: "இன்னைக்கு எம்பேரு வந்துச்சாத்தா?" வந்த நாளிலும் இல்லை என்பேன். "அப்பச் சரி" என்று காபி போடப் போவாள்.

அம்மா போய்ச் சேர்ந்து ஒரு வருடமாகிறது. போன வாரம் வேறொரு வழக்கில் எதிர்த்தரப்பில் நின்ற ஓர் இளம் வக்கீல் செல்போனில் தேடி அதே சுருக்கத்தை வாசித்தார். திருத்தம் அதில் ஏறவே இல்லை. நகலை எடுத்து நீட்டினேன், நீதிபதியும் ஏற்றுக்கொண்டார். அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போனபோது, பொய் சொல்ல வேண்டிய வேலை எனக்கு இல்லை.