கரிப்பொட்டு வைத்த கள்ளித் தொட்டி

என் பெரியம்மாவுக்குப் பிடிக்காதவற்றைச் சொல்லத் தொடங்கினால் பொழுது போய்விடும். மைசூரின் குளிர், மாமா சாப்பாட்டுக்கு முன்னால் அடிக்கும் சீட்டி, பூட்டிய கதவைத் திரும்ப ஒருமுறை இழுத்துப் பார்க்காத எங்கள் அப்பா, எல்லாமே அதில் அடக்கம். அந்த வரிசையில் கடைசியாக வந்து முதலிடத்தைப் பிடித்துக்கொண்டது ஒரு செடி.

பெரியம்மா அம்மாவின் அக்கா. தம்பி பிறந்த சமயத்தில் ஒத்தாசைக்கென்று கொள்ளேகாலிலிருந்து வந்தவள், எங்களோடு தங்கிவிட்டாள். பிள்ளை குட்டி இல்லாதவள் என்பதால் அவளைத் திருப்பிக் கேட்பாரும் இல்லை. வந்த வாரமே வீட்டுச் சட்டதிட்டங்கள் எல்லாம் அவள் கைக்குப் போய்விட்டன.

செடி எதிர்வீட்டு நர்ஸம்மாவுடையது. அவர் தனியாக இருந்தார். தாய் தகப்பன் முகம் தெரியாமல் மிஷன் விடுதியில் வளர்ந்தவர் என்று அம்மா சொல்வாள். தம்பி பிறந்தபோது அம்மா பிழைக்க மாட்டாள் என்று அப்பாவே கை விரித்துவிட்டாராம். நர்ஸம்மா மட்டும் கட்டிலை விட்டு நகராமல் இருந்து இரண்டு உயிரையும் மீட்டுக் கொடுத்தார். அதற்குப் பிறகு அவர் சாலையில் போனால்கூட அம்மா எழுந்து நிற்பாள்.

மழைக்காலம் முடிகிற தறுவாயில், நஞ்சன்கூடு பக்கம் போட்டிருந்த பிளேக் முகாமுக்குப் போகும்படி அவருக்கு உத்தரவு வந்தது. கிளம்புகிற அன்று ஒரு மண்தொட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். இலையின் நுனியில் இலை, அதன் நுனியில் இன்னோர் இலை என்று நண்டுக்கால் மாதிரி தொங்கிய செடி. தனக்கு வேலை கற்றுக்கொடுத்த வெள்ளைக்கார டாக்டரம்மா, சீமைக்குத் திரும்பும்போது கொடுத்ததாம். அந்த அம்மா வைத்திருந்தவரை கிறிஸ்துமஸுக்குத் தவறாமல் பூக்கும் என்றார்.

“என்கிட்ட வந்ததிலிருந்து ஒரு மொட்டுகூட விடலைக்கா. பூக்காட்டாப் பரவாயில்ல, உயிரோட வெச்சிருந்தாப் போதும். நான் கிறிஸ்துமஸுக்கு வந்துடுவேன்.”

வந்துவிடுவேன் என்றுதான் சொன்னார். பிளேக் முகாமுக்குப் போகிறவர்கள் எல்லோரும் அப்படித்தான் சொல்வார்கள் என்பது அம்மாவுக்குத் தெரியும். அவர் போன பிறகு அம்மா தொட்டியின் முன்னால் வெகுநேரம் நின்றாள். “பூக்க வெக்கறேன். அவங்க வர்றப்ப இது பூத்துத்தான் இருக்கணும்” என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். அந்தப் பூவை அவர் திரும்பி வருவதற்கு அம்மா வைத்த சகுனமாகவே இப்போது எனக்குத் தோன்றுகிறது.

அப்போதுதான் எங்கள் கூடத்துக்கு எலெக்ட்ரிக் விளக்கு வந்திருந்தது. வீட்டில் உயர்ந்த இடம் அதன் அடிதான். அம்மா தொட்டியைக் கொண்டுபோய் அங்கே ஒரு முக்காலியில் வைத்தாள். வைத்த கையை எடுப்பதற்குள் பெரியம்மா வந்துவிட்டாள்.

“கள்ளியக் கொண்டாந்து நடு ஊட்டுல வெக்கறியா? பச்சக் கொளந்த இருக்கற ஊடு!”

“அக்கா, இதுல முள்ளே இல்லீங்களே.”

“முள்ளிருக்கற கள்ளியவாச்சும் நம்பலாம். இது முள்ள எங்க ஒளிச்சு வெச்சிருக்குதோ ஆரு கண்டா?”

அம்மா அழுதாள். நர்ஸம்மாவின் செடியை வெளியே விட முடியாது என்றாள். பெரியம்மாவும் அந்தப் பெயருக்கு முன்னால் கொஞ்சம் இறங்கி வந்தாள். பகலில் கள்ளி பின்கட்டில் கொய்யாமர நிழலில் இருக்கலாம். விளக்கு வைக்கிற நேரத்தில் மட்டும் கண்ணில் படக்கூடாது. பொழுது சாயும்முன் விறகறைக்குள் போய்விட வேண்டும். காலையில் வாசல் தெளித்துக் கோலம் போட்ட பிறகுதான் வெளியே வரலாம். அதன் கண் குழந்தைமேல் படாமலிருக்கத் தொட்டியில் ஒரு கரிப்பொட்டு வேண்டும். பொட்டு எப்போதும் பின்பக்கத்துச் சந்துப் பக்கம் பார்த்தே இருக்க வேண்டும்.

எங்களோடு தங்கிக் காலேஜில் படித்துக்கொண்டிருந்த அம்மாவின் தம்பி, எங்கள் மாமா, தன் பங்குக்கு வைத்தியத்தில் இறங்கினார். செடிகளின் சங்கதி எல்லாம் தனக்கு அத்துப்படி என்று காப்பி வடிகட்டிய மண்டியைப் போட்டார், மோர் ஊற்றினார், குளிக்கப் போகும்போது ஒரு செம்பும் குளித்து வரும்போது ஒரு செம்புமாகத் தண்ணீர் வார்த்தார். தொட்டியிலிருந்து ஒழுகிய தண்ணீரில் விறகு நனைந்து, அடுப்பு புகைந்து, பெரியம்மா இருமிக்கொண்டே வந்து செம்பைப் பிடுங்கினாள். மண் காய்ந்து வெளுத்தாலொழிய இனிமேல் ஒரு சொட்டு ஊற்றக்கூடாது என்று இன்னொரு சட்டம் போட்டாள்.

தசரா வந்தது. அரண்மனை விளக்கைப் பார்க்க எல்லோரும் கிளம்பினோம். வண்டி ஏறப் போன பெரியம்மா, “இருங்க, அந்தச் சனியன உள்ள வெச்சுப்போட்டு வந்தர்றேன்” என்று திரும்பிப் போனாள். ஊரே வெளிச்சத்தில் குளித்துக்கொண்டிருந்த அந்த நாட்களில், இருட்டில் உட்கார்ந்திருந்தது எங்கள் வீட்டுக் கள்ளி ஒன்றுதான். அதை நினைத்து எனக்கு ஒரே பரிதாபம். பெரியம்மாமேல் கோபமும் வந்தது.

முகாமிலிருந்து சேதி எதுவும் வரவில்லை. அம்மா வாசலுக்கும் பின்கட்டுக்குமாக நடந்தாள். தீபாவளி கழிந்து குளிர் இறங்கிய ஒரு காலையில், இலை நுனிகளில் நெல்லளவு சிவப்பாக ஏதோ தெரிந்தது. பூச்சி என்றார் மாமா. அம்மா குனிந்து பார்த்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

பெரியம்மாவின் சட்டங்களுக்கு அர்த்தம் எனக்குப் பல வருஷம் கழித்துத்தான் தெரிந்தது. நானும் அதே செடியை ஆசையாகக் கூடத்து விளக்கின் கீழ் வைத்து, மொட்டே காணாமல் திண்டாடிக்கொண்டிருந்தபோது, செடி வளர்க்கிற ஒருவர் சொன்னார். இந்தக் கள்ளிக்கு மொட்டுக் கட்ட நீண்ட, கலையாத இருட்டு வேண்டுமாம். இரவில் விளக்கு வெளிச்சம் பட்டால் பூக்காதாம். அந்தச் சமயத்தில் தண்ணீரைக் குறைக்க வேண்டும். மொட்டு வந்த பிறகு தொட்டியைத் திருப்பித் திருப்பி வைத்தால் உதிர்ந்துவிடும். கேட்கக் கேட்க எனக்குச் சிரிப்பு வந்தது. நர்ஸம்மா அதைப் பிரியத்தோடு தன் மேஜை விளக்கின் பக்கத்தில் வைத்திருந்தார். அம்மாவும் அப்படியே செய்திருப்பாள். வேண்டாத விருந்தாளியாக நடத்திய பெரியம்மாதான் அதைப் பூக்க வைத்தாள். ஒருநாள் தவறாமல், ஒரு மொட்டு உதிராமல், அந்தக் கனத்த தொட்டியை வயிற்றோடு அணைத்துத் தூக்கிப் போனவளுக்கு நான் நேரில் சொல்லாத நன்றியை இங்கே சொல்லிவிடுகிறேன்.

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் நர்ஸம்மா வந்தார். பாதியாக இளைத்திருந்தார். முகாம் கலைந்து, நோய் தொற்றியிருக்கிறதா என்று பார்க்கக் கொஞ்ச நாள் தனியே வைத்திருந்துதான் அனுப்பினார்களாம். ஆனாலும் தெருவில் கதவுகள் சாத்திக்கொண்டன. அவரும் எங்கள் வேலிக்கு வெளியிலேயே நின்று, “செடி இருக்காக்கா?” என்றார்.

அம்மா ஓடிப்போய்க் கையைப் பிடித்துப் பின்கட்டுக்கு அழைத்து வந்தாள். ஒவ்வொரு இலை நுனியிலும் ஒரு பூ. ரோஜா நிறத்தில், அடுக்கடுக்காக, தரையைப் பார்த்துத் தொங்கிக்கொண்டிருந்தன. நர்ஸம்மா தொட்டியின் பக்கத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“என்னக்கா செஞ்சீங்க?”

“எல்லாம் காப்பி மண்டி” என்றார் மாமா.

விறகறையைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை. பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. பெரியம்மா வழக்கம்போலத் தொட்டியைத் தூக்க வந்தாள். பூவையும் பக்கத்தில் இருந்தவரையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு உள்ளே போய், காமாட்சி விளக்கை ஏற்றி எடுத்து வந்து செடியின் அருகிலேயே வைத்தாள். திரும்பிப் போய்த் தம்பியைத் தூக்கிவந்து நர்ஸம்மாவின் மடியில் போட்டாள்.

நர்ஸம்மா பதறிப்போனார். “வேணாங்க, நான் முகாம்ல இருந்து வந்தவ.”

“உங்க கையில பொறந்தவன். உங்க மடியில உக்காந்தா ஒண்ணும் ஆவாது. பேசாம கெழக்கப் பாத்து உக்காருங்க கண்ணு.”

கையில் உப்பும் மிளகாயும் இருந்தன. நர்ஸம்மா, மடியில் தம்பி, பக்கத்தில் கள்ளி, மூவரையும் சேர்த்துச் சுற்றினாள் பெரியம்மா. ஊர்க் கண்ணு, உறவுக் கண்ணு என்று முணுமுணுத்துக்கொண்டே சுற்றினாள். சர்ச்சுக்குப் போகிற நர்ஸம்மா குழந்தைபோலத் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தார். வெந்நீர் அடுப்பில் போட்ட மிளகாய் படபடவென்று வெடித்தது.

“பாருங்க, ஒரு கமறலாச்சும் வருதா? அத்தன கண்ணு பட்டிருக்குது” என்றாள் பெரியம்மா.

நானும் மூக்கை நீட்டி முகர்ந்து பார்த்தேன். உண்மைதான், நெடி துளிகூட இல்லை. அப்படியிருக்க, நர்ஸம்மா எதற்காக முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தார் என்பதுதான் எனக்கு விளங்கவில்லை.