கடிதத்தில் நான் சேர்க்காத வரி

என் கோப்பில் உள்ள கடித நகல் ஒரு திங்கட்கிழமையின் தேதியிட்டது. ‘ஐயா, தங்கள் தொலைக்காட்சித் தொடரில் கண்ட பிழைகள் ஒன்பது’ என்று தொடங்குகிறது. சுவரில் தை மாத நாட்காட்டி தொங்க, கதாநாயகி ஆடிக்காற்றைப் பற்றிப் பேசுகிறாள் என்பது முதல் பிழை. ஆவடித் தொழிற்சாலையில் தர ஆய்வுப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். பிழை கண்டால் எழுதாமல் இருக்க முடியாது.

தொடரை உண்மையில் பார்த்தவள் என் மனைவி. நான் பக்கத்தில் குறிப்பேட்டோடு உட்கார்ந்திருப்பேன். கணவன் வீட்டை விட்டு வந்த ஒரு பெண், நாற்பது வயதில் தனியாக அறை எடுத்து, ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலைக்குச் சேரும் கதை. அவள் தனக்கு மட்டும் சோறு வடித்துச் சாப்பிடுவதையே ஒருநாள் அத்தியாயம் முழுக்கக் காட்டினார்கள். என் மனைவி அன்று அசையவே இல்லை.

நான் கடிதம் எழுதும்போது வந்து நின்றாள்.

“ஏங்க, நான் சொல்றதையும் ஒரு வரி போடுங்க. அவளத் திரும்ப அந்த வீட்டுக்கே அனுப்பிடாதீங்கன்னு. கீழ என் பேரும் போடணும்.”

திருமணமான முப்பத்தொரு ஆண்டுகளில் அவள் இப்படிக் கேட்டதில்லை. சரி என்றேன். ஆனால் எழுதவில்லை. பிழைப் பட்டியலில் ஒருவருடைய ஆசைக்கு என்ன இடம் என்று நினைத்தேன். என் கையெழுத்தை மட்டும் போட்டு அனுப்பினேன்.

“எழுதினீங்களா?”

“எழுதிட்டேன்.”

அடுத்த மாதம் தொடர் முடிந்தது. கதாநாயகி பெட்டியோடு கணவன் வீட்டு வாசலில் நின்றாள். மாமியார் ஆரத்தி எடுத்தாள்.

மறுநாள் காலை படிக்கட்டில் கீழ்வீட்டுப் பெண் என் மனைவியைப் பிடித்துக்கொண்டாள்.

“இன்னாக்கா, லெட்டர்லாம் போட்டேன்னு சொன்னியே. உன் சீரியல் பொண்ணு பொட்டியத் தூக்கினு அங்கயே பூட்டா?”

“அது அவங்க இஷ்டம். நான் சொல்ல வேண்டியத எம்பேர் போட்டுச் சொல்லிட்டேன்ல?” என்று மனைவி சிரித்தாள். அப்படி நிமிர்ந்து நின்று அவள் பேசி நான் பார்த்ததில்லை.

காய்கறிப் பையோடு இரண்டு படி கீழே நின்றிருந்தேன். மேலே ஏற முடியவில்லை. இன்றுவரை அவளிடம் சொல்லவும் இல்லை.

கடைசிக் காட்சிகள் என் கடிதம் போய்ச் சேரும் முன்பே படமாகியிருந்தால், அவள் வரி இருந்தும் எதுவும் மாறியிருக்காது. எனக்கு ஒரு சாக்குத் தேடுகிறேன் என்பது தெரிந்தே, தொலைக்காட்சி அலுவலகத்துக்கு இருமுறை எழுதிக் கேட்டேன். பதில் இல்லை. படப்பிடிப்பு எப்போது முடிந்தது என்பது இன்னும் உறுதிப்படவில்லை.