நாலு நாள் பழைய பாண்

பெரியப்பாவுக்குப் பழையது ஒத்துவராது. இது எங்கள் வீட்டில் தேவாரம் போல எல்லோருக்கும் மனப்பாடம். காலையில் வைத்த குழம்பை மத்தியானம் சுடவைத்துப் போட்டால் கண்டுபிடித்துவிடுவார். தட்டை மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோய் ஒருமுறை மணந்து பார்ப்பார். பிறகு மெதுவாக அப்பால் தள்ளிவைப்பார். திட்டமாட்டார், சத்தம் போடமாட்டார். அந்தத் தள்ளலே போதும், பெரியம்மா திரும்பவும் அடுப்பைப் பற்றவைப்பார்.

நாங்கள் வெள்ளைக்காரரின் நாட்டில், மிச்சம் என்ற ஊரில் இருந்தோம். அந்த ஊரின் பெயரை வைத்து, வருகிற விருந்தாளிகளிடமெல்லாம் அப்பா சொல்லும் பகிடியை நான் இங்கே எழுதப்போவதில்லை. டிராம் பாதைக்குப் பின்னால் ஒரு வீடு. மேல்மாடியில் அப்பாவின் அண்ணனான பெரியப்பாவும் பெரியம்மாவும். கீழே அம்மா, அப்பா, நான். அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை, அதனால் நான் இரண்டு தளத்துக்கும் பொதுச்சொத்து. பெரியம்மா ஓர் அலுவலகத்தில் துப்புரவு வேலை செய்தார். விடிய முன்னரே போகவேண்டிய ஷிப்ட். அதற்கும் முன்னால் எழும்பிக் காலைச் சாப்பாடு சமைப்பார். வேலையால் வந்து மத்தியானச் சாப்பாடு புதிதாக. இரவுக்கு இன்னொருமுறை. மிஞ்சியதை அடுப்படியில் நின்றபடியே தான் சாப்பிட்டு முடிப்பார். கடையில் வாங்கும் ரொட்டிக்கும், எங்கள் வாயில் அது பாண், அதே சட்டம்தான். பைக்கற் உடைத்த அன்றைக்கு அது பெரியப்பாவுக்கு. மறுநாள் முதல் பெரியம்மாவுக்கும் குளத்து வாத்துகளுக்கும். கலியாணம் கட்டிய நாளிலிருந்து முப்பது வருடமாக இப்படித்தான் என்று அம்மா சொல்வார். சொல்லும்போது அப்பாவை ஒரு பார்வை பார்ப்பார், எதற்கென்று எனக்குத் தெரியாது.

எனக்கு எட்டு வயதாக இருந்தபோது பெரியப்பா மாரடைப்பு வந்து இறந்துபோனார். அதற்குப் பிறகும் பெரியம்மா அதே நேரத்துக்குத்தான் எழும்பினார், மூன்று வேளையும் புதிதாகவே சமைத்தார். தட்டை மணந்து பார்க்க ஆளில்லை என்பதைத் தவிர வேறு மாற்றம் இல்லை. வருடம் ஒன்று ஓடி, இலை கொட்டும் காலத்தில் முதல் திவசம் வந்தது.

திவசமென்றால் ஐயர் வந்து தன் வேலையை முடித்துக்கொண்டு போன பின், செத்தவருக்குப் பிடித்ததையெல்லாம் சமைத்து வாழையிலையில் படைக்கவேண்டும். இது எளிதான காரியம்தான். ஆனால் அவருக்கு எது பிடிக்கும் என்று சொல்வதற்கு ஒரு மனைவியும் ஒரு தங்கச்சியும் இருந்தால் அவ்வளவு எளிதல்ல. தங்கச்சி என்றால் எனக்கு மாமி. திவசத்துக்கு ஒரு வாரம் முன்னதாகவே தோர்ண்டன் ஹீத்திலிருந்து பஸ் ஏறி வந்து எங்கள் சோபாவில் உட்கார்ந்துவிட்டார்.

"அண்ணைக்குப் பனங்காய்ப் பணியாரமெண்டா உயிர்" என்றார் மாமி.

"முப்பது வருசத்திலை ஒருக்காலும் அவர் அதைக் கேக்கேல்லை" என்றார் பெரியம்மா.

"நீங்கள் செய்து குடுத்தாத்தானே மச்சாள் கேப்பார்."

பெரியம்மா நிமிர்ந்து உட்கார்ந்தார். "எனக்குத் தெரியாத விருப்பம் அவருக்கு ஒண்டும் இருக்கேல்லை" என்றார்.

பெரியவர்கள் தப்பாகச் சொன்னால் திருத்துவது என் கடமை என்று நான் நினைத்திருந்த காலம் அது. பெரியப்பாவுக்கு மிகவும் விருப்பமானது அப்பிள் புடிங்தான் என்று சொன்னேன். ஞாயிற்றுக்கிழமைகளில் இரண்டு கோப்பை சாப்பிடுவார் என்றும் சொன்னேன்.

"எங்கை சாப்பிட்டவர்?" பெரியம்மாவின் குரல் மிகவும் மெதுவாக வந்தது.

"பார்க்குக்கு அங்காலை ஒரு வீட்டிலை."

அப்பா ஓடாத தொலைக்காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாமியின் கண்களில் பணியாரத்தைப் பற்றிப் பேசியபோது இல்லாத ஒரு வெளிச்சம் வந்திருந்தது. யார் வீடு என்று யாராவது கேட்டிருந்தால் நான் சொல்லியிருப்பேன். ஆனால் பதில் என்னவாக இருக்குமோ என்ற பயத்தில் ஒருவரும் கேட்கவில்லை. "பிள்ளை, நீ போய் ஹோம்வேர்க்கைச் செய்" என்றார் அம்மா. அன்று எனக்கு ஹோம்வேர்க்கே இருக்கவில்லை.

நடந்தது இவ்வளவுதான். பெரியப்பாவுக்குச் சீனி வருத்தம், அதாவது நீரிழிவு, அத்துடன் பிரஷர். தினமும் நடக்கவேண்டும் என்று டொக்டர் சொல்லியிருந்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் என்னையும் கூட்டிக்கொண்டு போவார். பார்க்கைத் தாண்டினால் முற்றத்தில் அப்பிள் மரம் நிற்கும் ஒரு வீடு. விழுந்த பழங்களை ஒரு பெட்டியில் போட்டு, விரும்பியவர்கள் எடுக்கலாம் என்று வாசலில் வைத்திருப்பார்கள். பெரியப்பா ஒருநாள் ஒரு பழத்தை எடுத்துத் தன் வழக்கப்படி மணந்து பார்த்துக்கொண்டிருந்தபோது வீட்டுக்காரர் வெளியே வந்தார். வாயும் கையுமாக ஏதோ பேசிக்கொண்டார்கள். பிறகு நாங்கள் உள்ளே போய்ச் சூடான புடிங் சாப்பிட்டோம். அதன் பிறகு எங்கள் நடை எப்போதும் அந்த வாசலோடு நின்றுவிடும். பெரியம்மாவுக்கு மூச்சுக்காட்டக்கூடாது என்று பெரியப்பா சொல்லியிருந்தார். அவருடைய சீனி வருத்தத்துக்காகத்தான் என்று நான் நினைத்தேன். ஆள் போன பிறகு சீனி என்ன செய்யும் என்றுதான் வாயைத் திறந்தேன்.

மறுநாளைக்குள் செய்தி தோர்ண்டன் ஹீத்தைக் கடந்து டொரொண்டோ வரைக்கும் போய்விட்டது. அங்கிருந்து ஒரு சித்தி அழைத்து, ஒன்றுமே தெரியாதவர் போலப் பெரியம்மாவிடம் சுகம் விசாரித்தார்.

பெரியம்மா பின்னேரம் கோயிலுக்கு உடுக்கும் சேலையை உடுத்து, தலையை இழுத்து முடிந்து, மேலே கோட்டைப் போட்டுக்கொண்டு என் கையைப் பிடித்தார். "நான் சொல்லுறதை மட்டும் இங்கிலீசிலை சொல்லு. உன்ரை கதை ஒண்டும் வேண்டாம்" என்று என்னிடம் சொன்னார். எனக்கு அது பழகிய உத்தியோகம்தான். டொக்டரிடம், கவுன்சிலில், வங்கியில், எங்கும் நான்தான் பெரியம்மாவின் வாய்.

பாதி வழியில் ஒரு கேள்வி வந்தது. "அந்த வீட்டுத் திரைச்சீலை என்ன நிறம்?"

"ரோஸ். பூப்போட்டது."

என் விரல்கள் நசிந்தன.

கதவைத் திறந்தவர் ஆறடிக்கு மேல் உயரமான ஒரு வெள்ளைக்காரக் கிழவர். நான் அவரை அப்பிள் அங்கிள் என்று கூப்பிடுவேன். வயிற்றில் ஏப்ரன், தாடியில் கோதுமை மா, காலில் வேறு வேறு நிறத்தில் இரண்டு சப்பாத்து. பெரியம்மா அவரைப் பார்க்கவில்லை. அவருடைய தோளுக்கு மேலால் வீட்டுக்குள்ளே எட்டிப் பார்த்தார். வேறு யாராவது வருவார்கள் என்று சற்று நேரம் காத்துநின்றார்.

"வேறை ஒருத்தரும் இல்லையோ எண்டு கேள்."

கேட்டேன். தானும் பூனையும் மட்டும்தான், மனைவி போய்ப் பல வருடமாகிறது, திரைச்சீலை அவள் தைத்தது என்றார். பெரியம்மா அப்போதுதான் மூச்சை விட்டார். அம்மாவும் மாமியும் அங்கே இருந்திருந்தால் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைக்க அப்போதே புறப்பட்டிருப்பார்கள்.

பெரியப்பா இறந்ததை நான் சொன்னதும் அப்பிள் அங்கிள் ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டார். தன் நண்பர் ஊருக்குப் போய்விட்டார் என்றுதான் இவ்வளவு காலமும் நினைத்திருந்தாராம். திவசத்தைப் பற்றி விளக்குவதற்குள் எனக்கு நாக்குத் தள்ளிவிட்டது. அவர் பிறந்தநாள் விழா என்று விளங்கிக்கொண்டார் என்றுதான் இன்றைக்கும் சந்தேகம். எதுவானாலும் செய்முறையைக் காட்டுவதில் அவருக்கு மகிழ்ச்சி. அப்பிளைச் சீவி நறுக்கினார். பட்டரை உருக்கினார். சிவப்புச் சீனியும் கறுவாத் தூளும் எடுத்துவைத்தார். பெரியம்மா குசினிக் கதிரையில் உட்கார்ந்து, பரீட்சை எழுதுகிறவர்போலக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். அதன் பிறகு அப்பிள் அங்கிள் அலுமாரியிலிருந்து ஒரு பாணை எடுத்து மேசையில் தட்டிக் காட்டினார். விறகுக்கட்டை போலச் சத்தம் கேட்டது.

"இது பழசெல்லோ?" என்றார் பெரியம்மா.

பழையதாகத்தான் இருக்கவேண்டும், நாலு நாளாவது ஆகியிருக்கவேண்டும், புதுப் பாண் கூழாகிவிடும் என்று அவர் சொன்னதை நான் மொழிபெயர்த்தேன்.

"இவர் இதைத்தான் சாப்பிட்டவரோ? வடிவாக் கேள்."

கேட்டேன். இதைத்தான், இரண்டு கோப்பை என்றார். அதோடு விடாமல், உன் பெரியப்பாவுக்கு முந்தின நாள் மிஞ்சியதைப் பிரிட்ஜிலிருந்து எடுத்துக் குளிரோடு கொடுத்தால் இன்னும் விருப்பம் என்றார். அதையும் ஒரு சொல் விடாமல் தமிழில் சொன்னேன். நல்ல மொழிபெயர்ப்பாளர் என்ற பெருமை எனக்கு.

பெரியம்மா நெடுநேரம் அந்தப் பாணையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியாக ஒன்றே ஒன்று கேட்கச் சொன்னார்.

"மணந்து பாக்கேல்லையாமோ?"

புடிங்கை எதற்காக மணக்கவேண்டும் என்று அப்பிள் அங்கிளுக்கு விளங்கவில்லை. இல்லை, உடனே சாப்பிட்டுவிடுவார் என்றார். பாணை உதிர்த்து அப்பிள்மேல் தூவி அவணில் சுட்டு எடுத்த புடிங்கில் ஒரு கரண்டியைப் பெரியம்மா வாயில் வைத்தார். மேலே மொறுமொறுப்பு, கீழே அப்பிள் குழைந்து புளிப்பும் இனிப்புமாக. "நல்லாத்தான் கிடக்கு" என்றார், கெட்ட செய்தி கேட்டவரின் முகத்தோடு.

திரும்பி வரும்போது அவருடைய நடைக்கு நான் ஓடவேண்டியிருந்தது. வாசலில் அம்மாவும் மாமியும் நின்றார்கள். ஒரு தாத்தாதான் இருக்கிறார், ஒரு பூனையும் இருக்கிறது என்று நான் அறிவித்தேன். அம்மா பிள்ளையாரைக் கும்பிட்டார். மாமிக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். ஆனாலும் டொரொண்டோவை அழைத்து உண்மையைச் சொன்னார். வீடு முழுக்க நிம்மதி. பெரியம்மா மட்டும் அடுப்படியில் சட்டி பானைகளை உருட்டிக்கொண்டிருந்தார். இடையிடையே "மணப்பாராம், மணப்பார்" என்று அவர் சொல்வது எனக்குக் கேட்டது. பயந்தது நடக்கவில்லை, பிறகு ஏன் இந்தக் கோபம் என்று எங்களில் ஒருவருக்கும் விளங்கவில்லை.

பெரியப்பாவை எனக்கு நிரம்பப் பிடிக்கும், இன்றைக்கும் பிடிக்கும். ஆனால் இப்போது அவரை நினைத்தால் அந்தப் பிரியத்தோடு சேர்ந்து கோபமும் வருகிறது. முப்பது வருடமாகத் தட்டைத் தள்ளிய மனிதர், பழையதும் நன்றாகத்தான் இருக்கிறது என்று வீட்டில் வந்து சொல்ல வெட்கப்பட்டிருப்பார். அந்த வெட்கத்தை அவர் மறைத்ததற்குத் துணைபோனவள் நான், ஒரு கோப்பை புடிங்குக்காக.

திவசத்துக்கு அந்தப் புடிங்கையும் படைப்பது என்று முடிவாகியது. அங்கேதான் சிக்கல். படையலுக்குப் பழசு வைக்கக்கூடாது. புடிங்குக்கோ பழசுதான் வேண்டும். அம்மா ஒரு வழி கண்டுபிடித்தார். "புதுப் பாணை வாங்கி ஹீற்றரிலை காயவைப்பம். காயவைச்சது பழசில்லைத்தானே? ஒடியலைக் காயவைக்கிறேல்லையோ?" பனங்கிழங்கையே காயவைத்து ஒடியலாக்கிய பரம்பரைக்கு இது மறுக்கமுடியாத வாதம். மாமி முழுகிவிட்டு வந்து, வீட்டிலுள்ள ஹீற்றர் எல்லாவற்றிலும் பாண் துண்டுகளைப் பரப்பினார். குளியலறைத் துவாய் காய்கிற இடத்திலும் பாண்தான்.

பெரியம்மா கீழே இறங்கிவந்து பார்த்தார். துண்டுகளையெல்லாம் பொறுக்கி அப்பாவிடம் கொடுத்தார், தேத்தண்ணியோடு சாப்பிடும்படி. பிறகு தன் அறைக்குப் போய், துணியில் சுற்றிக் கட்டிலுக்குக் கீழே வைத்திருந்த ஒரு பாணை எடுத்துவந்தார். மேசையில் தட்டிப் பார்த்தார். கட்டையாகத்தான் இருந்தது.

"அக்கா, படையலுக்கு..." என்று இழுத்தார் அம்மா.

"அவருக்குப் பிடிச்சதைத்தானே வைக்கவேணும்" என்றார் பெரியம்மா.

ஐயர் போன பின் படையல் போட்டார்கள். முருங்கைக்காய்க் குழம்பு, கத்தரிக்காய்ப் பொரியல், மாமியின் பணியாரம், எல்லாவற்றுக்கும் நடுவில் ஆவி பறக்கும் அப்பிள் புடிங். சாம்பிராணிப் புகைக்குள் கறுவா மணம் தனியாகத் தெரிந்தது. பெரியம்மா கற்பூரம் காட்டிவிட்டுப் பெரியப்பாவின் படத்துக்கு நேரே நின்றார். கும்பிடவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு அவரைக் கண்ணுக்குக் கண் பார்த்தார்.

"என்னட்டை ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாம்தானே" என்றார்.

மாமிதான் முதலில் உடைந்தார். "ஒரு சொல்லுச் சொல்லாமல் போட்டியே அண்ணை!" என்று அவர் குரலெடுத்ததும் அம்மா விம்மினார், அப்பா சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். நானும் ஏங்கி ஏங்கி அழுதேன். பெரியம்மா அழவில்லை. எங்களை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, புடிங் ஆறமுன் எல்லாருக்கும் கோப்பை எடுத்துவைக்கச் சொன்னார்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. நான் எழும்பியபோது வீட்டில் தாளிக்கிற மணம் இல்லை. ஞாயிறோ தீபாவளியோ, அந்த மணம் இல்லாமல் நான் ஒருநாளும் எழும்பியதில்லை. பயந்துபோய் மாடிக்கு ஓடினேன். பெரியம்மா போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு கிடந்தார். அவர் நித்திரை கொள்வதை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன். நெற்றியில் கை வைத்துப் பார்த்தேன், காய்ச்சல் இல்லை. ஒரு கண்ணை மட்டும் திறந்தார்.

"என்ன, வீடு எரியுதோ?"

"இல்லை. காலமைச் சாப்பாடு..."

"நேற்றையான் குழம்பு கிடக்கு. பாணும் கிடக்கு. எடுத்துச் சாப்பிடுங்கோ" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார்.

நான் கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுக் கீழே வந்தேன். அடுப்படியில் எல்லோரும் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். பெரியம்மா சரியான கவலையோடு படுத்திருக்கிறார், எழும்பக்கூட முடியவில்லை என்று சொன்னேன். பாவம் என்று மாமி மூக்கை உறிஞ்சினார். அவருடைய துக்கத்தைக் குழப்பக்கூடாது என்று நாங்கள் கரண்டிச் சத்தம்கூடக் கேட்காமல், நேற்றைய குழம்பைச் சுடவைத்துச் சாப்பிட்டோம்.