வலது பெருவிரல்

“சாட்சி எண் இரண்டு: சக்கரபாணி, வயது ஐம்பத்து நான்கு. இரு தரப்பினருக்கும் எவ்வித உறவோ தொடர்போ இல்லாத சுயேச்சையான நபர். இழப்பீட்டுத் தொகை ரூபாய் மூன்று லட்சம் ரொக்கமாகக் கைமாறியதை நேரில் கண்டவர்.”

தொழிலாளர் துறையில் தாக்கலான பதில் மனு இப்படிச் சொன்னது. இந்தத் தொடர்பில்லாத நபர், ஒரு தரப்பான நெடுமாறனின் அட்டைப்பெட்டிப் பட்டறையில் இருபத்திரண்டு வருடமாகக் கணக்கு எழுதுகிறார். மறு தரப்பான கமலவேணி, முத்தியால்பேட்டையில் அவர் வீட்டிலிருந்து மூன்றாவது வீட்டில் இருப்பவள். அவளைப் பட்டறையில் சேர்த்துவிட்டவரும் அவரே. அவரைவிட அதிகமாக இந்த விவகாரத்தில் சம்பந்தப்பட்டது அட்டை வெட்டும் இயந்திரம் ஒன்றுதான்.

அந்த இயந்திரம் கமலவேணியின் வலது கையில் பெருவிரலையும் ஆள்காட்டி விரலையும் எடுத்துக்கொண்டது. நெடுமாறன் ஆஸ்பத்திரிச் செலவைக் கொடுத்தார், ஆப்பிள் வாங்கி வந்து பார்த்தார், கண்ணும் கலங்கினார். அவர் கெட்டவராக இருந்திருந்தால் சக்கரபாணி உஷாராக இருந்திருப்பார்.

“மூணு லட்சம் குடுத்துடலாம் சக்கரபாணி. திங்கக்கிழமை பேங்க்ல எடுத்துக்கலாம். ரசீது மட்டும் இன்னிக்கே வேணும்ன்றாரு வக்கீலு.”

“அது கையில கட்டு போட்டிருக்கே சார், எப்படிக் கையெழுத்துப் போடும்?”

“அதான் கைநாட்டுன்னு அடிச்சிருக்கு. நீயே பாத்து முடிச்சிடு. நம்ம வீட்டுப் பொண்ணுதான?”

அன்று சனிக்கிழமை. ரசீது தயாராக இருந்தது. ‘வலது கையில் காயம்பட்டுக் கையொப்பமிட இயலாததால் ரேகை வைக்கிறேன்’ என்று ஒரு வரி. அதற்குக் கீழே ஒரு கட்டம். கட்டத்துக்கு அடியில் ‘வலது பெருவிரல்’. ஆணுக்கு இடது, பெண்ணுக்கு வலது என்பது பத்திரம் எழுதுகிறவர்களின் பழைய வழக்கம். டைப் அடித்தவர் வழக்கத்தை நம்பினார், வக்கீல் டைப் அடித்தவரை நம்பினார். கூட்டலில் ஒரு பைசா பிசகாத சக்கரபாணியும் இரண்டு முறை படித்துப் பார்த்தார். எல்லாம் சரியாகத்தான் இருந்தது.

மாலைக்குள் கட்டத்தில் ஒரு ரேகை இருந்தது. அன்றைக்கு சக்கரபாணி தேங்காயெண்ணெய் போட்டு விரலைத் தேய்த்துக் கழுவினார். நகத்தோரம் மட்டும் நீலம் போகவில்லை.

திங்கட்கிழமை பணம் வரவில்லை. அடுத்த திங்கட்கிழமை ஆர்டர் நெருக்கடி, அதற்கடுத்து ஜிஎஸ்டி. எட்டு மாதம் பொறுத்துக் கமலவேணி மனுப் போட்டாள். பதிலுக்கு ரசீது வந்தது. ரசீது வந்த செய்தி, வழக்கு எண்ணைவிட வேகமாகத் தெருவுக்கு வந்தது.

ஒருநாள் மளிகைக் கடையில் சக்கரபாணிக்கு முன்னால் கமலவேணி நின்றிருந்தாள். பின்னாலிருந்து அதே தெருச் சின்னப்பாப்பா சொன்னாள்: “மூணு லட்சத்துக்காரி அஞ்சு ரூபா கொத்தமல்லிக்குப் பேரம் பேசறா பாரு!” கடையே சிரித்தது. கமலவேணி கொத்தமல்லியை வைத்துவிட்டுப் போனாள். சக்கரபாணி கால் கிலோ துவரம்பருப்பு வாங்கிக்கொண்டு போனார். அன்றிலிருந்து அவர் வீட்டுக்குச் சுற்று வழியில்தான் போனார். வலது கை சட்டைப்பையிலேயே இருந்தது.

விசாரணை நாளில் ஆணையர் அம்மையார் ரசீதைப் பார்த்தார், கண்ணாடியைக் கழற்றினார்.

“வக்கீல் சார், பெண் தொழிலாளிக்கு மொத்தத் தொகைய முதலாளி நேரா குடுக்கக் கூடாது. இங்க கட்டி, இங்கருந்துதான் போவணும். நிஜமாவே குடுத்திருந்தாலும் இந்த ரசீது செல்லாது. பணத்தைக் கட்டச் சொல்லுங்க.”

சக்கரபாணிக்கு மூச்சு வந்தது. இத்தனை மாதம் அவரைத் தின்ற காகிதம், உண்மையாக இருந்திருந்தாலும் எதற்கும் உதவாத காகிதம். அவளுக்குப் பணம் கிடைத்துவிடும். அவர் வாயைத் திறக்கவே வேண்டாம். இவ்வளவு மலிவாக யோக்கியனாகும் வாய்ப்பு எல்லோருக்கும் அமைவதில்லை.

“பணம் வர்றது சரிம்மா,” என்றாள் கமலவேணி. “வாங்கி முழுங்கிட்டு இல்லன்னு சாதிக்கிறேன்னு தெருவே பேசுதே, அதுக்கு இன்னா பண்றது?” வலது கையை மேசைமேல் வைத்தாள். மூன்று விரல்கள். “இதுல எந்த வெரல வச்சி நான் நாட்டு வச்சேன்னு நீங்களே சொல்லுங்க.”

வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டினார். நெடுமாறன் மின்விசிறியைப் பார்த்தார்.

அவள் சக்கரபாணியிடம் திரும்பினாள். குரலில் கோபம்கூட இல்லை. “நீ பக்கத்துல இருந்தேன்னு எழுதியிருக்காங்களே அண்ணே. அது யாரு வெரலு?”

அவர் கையைச் சட்டைப்பையிலிருந்து எடுத்தார். அவர் சொல்லச் சொல்ல எழுத்தர் எழுதிக்கொண்டார்.

பணம் எதுவும் கொடுக்கப்படவில்லை. சனிக்கிழமை மாலை, பட்டறை அலுவலகத்தில், கமலவேணி இல்லாதபோது, அவள் பெயருக்கு மேல் சக்கரபாணி தன் வலது பெருவிரலை வைத்தார்.