எங்கள் ஊருக்கு எண்ணெய் வந்த வருஷம்

ஒரகடத்திலிருந்து வடகால் போகும் வழியில் இறங்கி, ஏரிக்கரை மேல் பத்து நிமிஷம் நடந்தால் எங்கள் கொல்லைமேடு வரும். மொத்தம் எழுபது வீடு. அங்கே போய் முனிரத்தினம் என்று என் பெயரைச் சொல்லிக் கேட்டால் யாருக்கும் உடனே புரியாது. அந்தக் காலத்தில் ஆயில் முனிரத்தினம் என்று கேட்டிருந்தால் கைப்பிடித்துக் கொண்டுவந்து விட்டிருப்பார்கள்.

அந்தப் பட்டம் வந்த கதை இது. திருவாரூர் பக்கம் வயல்களுக்கு நடுவே பெட்ரோலியக் கிணறு தோண்டிய ஒரு முகாமில் எட்டு மாதம் வேலை பார்த்துவிட்டு, 1994இல் ஊருக்குத் திரும்பினேன். முகாமை ஒட்டியிருந்தது ஒரு சின்ன ஊர். எண்ணெய் வருவதற்கு முன் அங்கே ஒரே ஒரு மளிகைக் கடை இருந்ததாம். நான் போனபோது இரண்டு லாட்ஜ், நான்கு ஒர்க்‌ஷாப், கறி வறுவல் போடும் ஓட்டல், வாரம் ஒருமுறை வந்துபோகும் பல் டாக்டர் எல்லாம் இருந்தன. இதையெல்லாம் நான் விலாவாரியாகச் சொல்லச் சொல்ல, எங்கள் ஊர் டீக்கடையில் ஆட்கள் ஆறிய டீயைக் குடித்தார்கள்.

அங்கே எனக்கு என்ன வேலை என்று யாரும் கேட்கவில்லை. கேட்காததை நாமாகச் சொல்வது அடக்கமுள்ளவனுக்கு அழகில்லை என்று நானும் விட்டுவிட்டேன். முகாம் கேண்டீனில் போண்டா போடுவதுதான் என் வேலை. காலையில் பூரி, மாலையில் போண்டா. மாவைக் கிள்ளிப் போட்டால் உடனே மேலே மிதந்து வர வேண்டும். எண்ணெய்த் துறையில் என் அறிவு அவ்வளவுதான். தோண்டும் இயந்திரத்தைக் கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறேன். உள்ளே விட மாட்டார்கள்.

இந்த உண்மை தெரிந்த ஒரே ஆள் என் மனைவி கிளியம்மாள். ஆறு வருஷம் அவள் அதை வெளியே விடவில்லை. அந்த ஆறு வருஷமும் நான் ஸ்ரீபெரும்புதூரில் ஒரு சிமெண்ட் குடோனுக்கு வாட்ச்மேனாக இருந்தேன். வீட்டில்கூட ஒரு வடை தட்டிப் போட்டதில்லை. கை லாவகத்தைப் பார்த்து யாராவது கண்டுபிடித்துவிட்டால் என்ன செய்வது.

2000ஆம் வருஷம் பங்குனி மாதம் ஒரு காலை, யாக்கோபு ஒரு சொம்போடு என் வாசலுக்கு வந்தான். அவனும் நானும் ஒரே பெஞ்சில் படித்தவர்கள். ஊர் குடிதண்ணீர் எடுக்கும் கிணறு அவனுடைய அறுபது சென்ட் கொல்லையின் ஓரத்தில்தான் இருந்தது.

"மோந்து பாரு. கெரசின் கணக்கா நாத்தம் அடிக்குது," என்றான்.

சொம்புத் தண்ணீர் மேல் பல நிறத்தில் ஒரு படலம் மினுக்கியது. இருவரும் கிணற்றடிக்குப் போனோம். அதற்குள் இருபது பேர் கூடிவிட்டார்கள். நான் ஒரு பழந்துணியைக் கயிற்றில் கட்டி இறக்கி, மேலே மிதந்ததை ஒற்றி எடுத்துக் கல் மேல் வைத்துத் தீக்குச்சி கிழித்தேன். முதலில் புகைந்தது, பிறகு நின்று எரிந்தது. எல்லாரும் என் முகத்தையே பார்த்தார்கள். அப்போது தெரியாது என்று சொல்லியிருக்கலாம். அந்த ஒரு சொல் எனக்கு அன்றைக்கு வாயில் வரவில்லை.

"பூமிக்கு அடியில எண்ணெய் கீது. நம்ம ஊரு எண்ணெய் ஊரு," என்றேன்.

எங்கள் பின்கட்டு அறையில் வாடகைக்கு இருந்த இசக்கிபாண்டி மட்டும் மூக்கைச் சுளித்தான். தென்காசிப் பக்கத்து ஆள். கார் பாகங்கள் செய்யும் கம்பெனியில் டீசல் வண்டி ஓட்டிச் சாமான் தூக்கி வைக்கிறவன். ஷிப்ட் முடித்து வந்தவன் துணியை வாங்கி மோந்துவிட்டு, "அண்ணாச்சி, இது டீசல் வாடைல்லா," என்றான். டீசலும் பூமியிலிருந்துதான் வருகிறது தம்பி என்று அவனுக்குப் பாடம் சொன்னேன். கேட்டுக்கொண்டு குளிக்கப் போய்விட்டான்.

பிறகு நடந்ததை நினைத்தால் இப்போதும் காது சூடாகிறது. சங்கம் ஆரம்பித்தோம். நான் தலைவர். பல் டாக்டர் எந்தத் தெருவில் உட்காருவார் என்பது வரைக்கும் பேசினோம். லாட்ஜ் தன் வீட்டுக்கு எதிரே வரக்கூடாது என்று ஒருவர் கோபித்துக்கொண்டு கூட்டத்திலிருந்து எழுந்து போனார். திருவாரூர்ப் பக்கம் கிணறுகளுக்கு நம்பர் போட்டிருந்தது நினைவுக்கு வர, எங்கள் கிணற்றுச் சுவரில் சிவப்புப் பெயிண்டில் 'மு.ர.-1' என்று எழுதினேன். முதலெழுத்துகள் யாருடையவை என்று யாரும் விளக்கம் கேட்கவில்லை. கிணற்றிலிருந்து நூறடிக்குள் பீடி பிடிக்கக் கூடாது என்று உத்தரவு போட்டேன். யாக்கோபு நிலக்கடலை விதைக்க ஏர் ஓட்டப் போனபோது நானே போய்த் தடுத்தேன். நாளைக்கு ஆபீசர்கள் வந்து நிற்கிற இடத்தில் கடலையா என்று கேட்டேன். அவன் விதைக் கடலையை மூட்டையோடு திருப்பி எடுத்துப் போனான்.

ஆட்சியருக்கு ஒரு மனு எழுதினோம். இது இயற்கையாகச் சுரக்கும் கச்சா எண்ணெய்தான் என்று, எண்ணெய்த் துறையில் அனுபவம் உள்ளவன் என்ற முறையில் உறுதி கூறி, நான் கையெழுத்துப் போட்டேன். கிணற்றுக்குக் கிழக்கே மேட்டில், சாலையை அகலப்படுத்த வந்த கான்ட்ராக்டர் தகரக் கொட்டகை போட்டிருந்தார். லாரிகள் அங்கேதான் நிற்கும். அவருடைய ஆட்கள் நெருப்பு விஷயத்தில் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்று மனுவின் நகல் ஒன்றை நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். அங்கிருந்த இன்ஜினியர் அதை இரண்டு முறை படித்தார். அவர் முகம் அப்படி மலர்ந்ததை நான் எதிர்பார்க்கவில்லை. நாற்காலி போட்டுக் காபி வாங்கித் தந்தார். படித்தவனுக்குத்தான் படித்தவனின் அருமை தெரியும் என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்தேன்.

இதற்கிடையில் குடிக்கத் தண்ணீர் இல்லை. பெண்கள் பக்கத்து ஊர் அடிபம்புக்குக் குடத்தோடு நடந்தார்கள். போக அரை மணி, வரிசையில் ஒரு மணி, வர அரை மணி. நான் கூட்டத்துக்குக் கிளம்பும் நேரமாகப் பார்த்துக் கிளியம்மாள் குடத்தை இறக்கி வைப்பாள். ஒன்றும் பேச மாட்டாள். ஒருநாள் பேசினாள்.

"செவ்வாக்கெழமை அந்தக் கொட்டாய்க்கு டேங்கர் வருது. புதங்கெழமை கெணத்துல நாத்தம் ஜாஸ்தியாவுது. மூணு வாரமா பாத்துக்கினு கீறேன். உன் பூமா தேவி இன்னா, கெழமை பாத்தா சொரக்கிறா?"

தொழில்நுட்பம் பெண்களுக்குச் சீக்கிரம் பிடிபடாது என்று பதில் சொன்னேன். அன்றைக்குச் சோறு கிடைத்தது, குழம்பு கிடைக்கவில்லை.

மனுவுக்குப் பதில் வராததால், கிண்டியில் மண்ணையும் பாறையையும் ஆராயும் ஓர் அரசு அலுவலகத்துக்கு நானே மாதிரி கொண்டுபோவது என்று சங்கம் தீர்மானித்தது. ஊறுகாய் பாட்டிலைக் கழுவி, கிணற்று எண்ணெயை நிரப்பி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். நாற்றம் தாங்காமல் படப்பையில் ஒரு கண்டக்டர் இறக்கிவிட்டார், தாம்பரத்தில் இன்னொருவர்.

அலுவலகத்தில் ஓர் இளம் பெண் அதிகாரி பாட்டிலைத் திறந்து மோந்தார். மாங்காய் ஊறுகாயா என்று கேட்டார். உள்ளே எடுத்துப் போய் அரை மணி கழித்து வந்து உட்காரச் சொன்னார். இது பூமியிலிருந்து நேராக வரும் எண்ணெய் இல்லை, சுத்திகரித்த டீசல், பக்கத்தில் எங்காவது டேங்க் புதைத்திருக்கிறார்களா என்று கேட்டார். கிழக்கே ஒரு கொட்டகை இருக்கிறது என்றேன். அவர் சிரிக்கவில்லை. யாரும் அந்தத் தண்ணீரைக் குடிக்கக் கூடாது, குழந்தைகளைக் குளிப்பாட்டவும் கூடாது என்று சொல்லி, கண்டதை ஒரு தாளில் எழுதி முத்திரை குத்திக் கொடுத்தார்.

தாம்பரத்தில் மூன்று பஸ்ஸை விட்டேன். தாளைத் தொலைத்துவிடலாமா என்று யோசித்தேன். ஆராய்ச்சி நடக்கிறது, பத்து வருஷம் ஆகும் என்று சொல்லிவிட்டால் போதும். ஊர் காத்திருக்கும், என் பட்டமும் கூடவே இருக்கும். நான்காவது பஸ்ஸில் அந்த யோசனையோடுதான் ஏறினேன்.

ஊருக்குள் வந்தால் டீக்கடையில் ஆளே இல்லை. கான்ட்ராக்டர் கொட்டகைப் பக்கம் ஹாரன் சத்தம் கேட்டது. அங்கே முப்பது பெண்கள் காலிக் குடத்தை வரிசையாக வைத்து வாசலை மறித்து உட்கார்ந்திருந்தார்கள். உள்ளே ஆறு லாரி, வெளியே டேங்கர். முன்னால் கிளியம்மாள். டேங்கைத் தோண்டிக் காட்டு, ஓட்டை இல்லை என்றால் நாங்கள் எழுந்து போகிறோம் என்று அவள் கேட்க, இன்ஜினியர் சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்துப் பிரித்தார். நான் கொடுத்த நகல்.

"உங்க ஊர் எக்ஸ்பர்ட்டே எழுதிக் கொடுத்திருக்கார்மா. இயற்கையா வர்ற எண்ணெயாம். எண்ணெய் கம்பெனில இருந்தவர் சொல்றார், நீங்க என்ன புதுசா சொல்றீங்க?" என்றார்.

பெண்கள் கிளியம்மாளைப் பார்த்தார்கள். அந்த ஆள் வெறும் போண்டா மாஸ்டர் என்று அவள் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அங்கேயே முடிந்திருக்கும். அவள் சொல்லவில்லை. உதட்டைக் கடித்துக்கொண்டு தரையைப் பார்த்தாள். கூட்டத்தின் ஓரத்தில் பாட்டில் வாசனையோடு நின்ற என்னை அப்போதுதான் கவனித்தாள். கவனித்த பிறகும் சொல்லவில்லை. ஆறு வருஷம் காப்பாற்றியதை இந்த இடத்திலும் காப்பாற்றினாள். அதைப் பார்த்த பிறகு என்னால் அந்தத் தாளைப் பைக்குள் வைத்துக்கொண்டு நிற்க முடியவில்லை.

முன்னால் போய்த் தாளை இன்ஜினியரிடம் கொடுத்தேன்.

"சார், நான் அந்தக் கம்பெனில எண்ணெய் எடுக்கல. கேண்டீன்ல போண்டா சுட்டுக்கினு இருந்தேன். நான் எழுதுனது பொய். இதுல எழுதிக் கீறதுதான் நெஜம்," என்றேன்.

இன்ஜினியர் தாளைப் பிரித்துப் படித்தார். பிறகு யாரோ ஒரு பெண் சிரித்தாள். அப்புறம் முப்பது பேரும் சிரித்தார்கள். டேங்கர் டிரைவர் ஸ்டியரிங்கில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தார். யாக்கோபு மட்டும் சிரிக்கவில்லை. திரும்பி வீட்டுக்குப் போனான்.

மறுநாள் டேங்கைத் தோண்டி எடுத்தார்கள். அடியில் கட்டை விரல் நுழையும் அளவுக்குத் துருப்பிடித்த ஓட்டை. கான்ட்ராக்டர் செலவில் ஊருக்கு மேற்கே ஆழ்துளைக் கிணறு போட்டுக் கொடுத்த பிறகுதான் பெண்கள் லாரிகளை வெளியே விட்டார்கள். அதுவரை அவர் செலவிலேயே வெளியிலிருந்து தினமும் தண்ணீர் லாரி வந்தது. பேச்சுவார்த்தை முழுவதையும் கிளியம்மாளே நடத்தினாள். நான் குடம் தூக்கினேன்.

யாக்கோபுக்கு அந்தப் பருவத்துக் கடலை போனது போனதுதான். அவன் என்னோடு பேசவில்லை. மாதா கோயில் தெரு வழியே நான் போனால் கதவைச் சாத்திக்கொள்வான். அடுத்த விதைப்புக்கு அவன் கூப்பிடாமலே கொல்லைக்குப் போய்க் களை கொத்த ஆரம்பித்தேன். குடோனில் ராத்திரி ஷிப்ட் வாங்கிக்கொண்டு காலையில் இதைச் செய்தேன். அவன் ஒரு பக்கம் கொத்துவான், நான் ஒரு பக்கம். எனக்கு விவசாயம் எவ்வளவு தெரியும் என்பது அவனுக்குத் தெரியும். பத்தொன்பது நாள் பொறுத்துக்கொண்டான்.

இருபதாம் நாள், "யோவ், களையை வுட்டுட்டு செடியைக் கொத்திக்கினு கீற. இன்னும் ஒரு வருசம் பட்டினி போடப் பாக்குறியா?" என்றான்.

அவ்வளவு இனிமையாக யாரும் என்னைத் திட்டியதில்லை. அன்று மதியம் அவன் வீட்டில் சாப்பிட்டேன்.

2001இல் உள்ளாட்சித் தேர்தல் வந்தது. எங்கள் வார்டு பெண்களுக்கு ஒதுக்கியது. கிளியம்மாள் நிற்க வேண்டும் என்று பெண்கள் அவர்களாகவே முடிவு செய்துவிட்டு வந்து சொன்னார்கள். பிரச்சாரத்தில் பேச நான் நான்கு பக்கம் எழுதி வைத்திருந்தேன். அவள் படித்துப் பார்த்துவிட்டு அடுப்புப் பக்கம் போனாள். வாயைத் திறக்காமல் வண்டி ஓட்டினால் போதும் என்றாள். எதிர்த்து நின்றவருக்கு அவர் சொந்தக்காரர்கள் ஓட்டுகூட முழுதாக விழவில்லை.

மற்ற வார்டுகளில் ஜெயித்த பெண்களுக்கு அவரவர் வீட்டுக்காரர்கள்தான் மெம்பர் வேலை பார்த்தார்கள். கூட்டத்துக்கு வருவார்கள், மனைவியின் நாற்காலியில் உட்காருவார்கள், அவர்களே பேசுவார்கள். முதல் கூட்டத்தன்று நானும் வேட்டியைச் சலவைக்குப் போட்டுக் கட்டிக்கொண்டு கிளம்பினேன். பஞ்சாயத்து ஆபீஸ் படியில் கிளியம்மாள் நின்று, வண்டி வெயிலில் நிற்கிறதே என்றாள். நிழலில் நிறுத்திவிட்டு வருவதற்குள் கதவு சாத்தியிருந்தது.

அஞ்சு வருஷமும் அப்படித்தான். மாதம் ஒரு கூட்டம், நான் வாசலில் வண்டியோடு. தெருவிளக்குக்கு அவள் சத்தம் போடுவது ஜன்னல் வழியே கேட்கும். ஒப்பந்தக்காரர்கள் வியர்த்துக்கொண்டு வெளியே வருவார்கள். வடகால் பக்கம் வேலைக்கு வந்த வெளியூர்ப் பிள்ளைகள் ரேஷன் கார்டு விஷயமாக மெம்பரைப் பார்க்க வேண்டும் என்று என்னிடம் வந்து நிற்பார்கள். நீங்கள் யார் என்று கேட்பார்கள். மெம்பர் வூட்டுக்காரர் என்று சொல்வேன். சரி, அப்படி ஓரமாக நில்லுங்கள், அவங்க வரட்டும் என்பார்கள். நானும் ஓரமாக நிற்பேன்.